பிலோமினா என்றொரு பெயர்

சேலையூரில் இருக்கும் என் அத்தை மகன் வீட்டில் சென்ற ஆண்டு ஒரு பெண் குழந்தை பிறந்தது. தலைப்பிரசவத்திற்காகத் தாய்வீடு வந்திருந்த அவன் மகள், நாற்பது நாள் கழிந்ததும் ஒரு மாலையில் என்னைத் தேடிக் கிழக்குத் தாம்பரத்திற்கு வந்தாள். திருமுழுக்கிற்கு நாள் குறித்தாயிற்று, பெயர்தான் முடிவாகவில்லை. கணவர் வீட்டார் ‘கியாரா’ என்று வைக்க விரும்பினர். இத்தாலிய நாட்டில் பெண்களுக்கு இடும் பெயர்; ஒளி மிக்கவள், தெளிந்தவள் என்று பொருள். அசிசி நகர்ப் புனித கிளாராவின் பெயரும் அதுவே. இவளுக்கோ தன் பாட்டியின் பெயரை வைக்க ஆசை.

“பிலோமினாவும் இத்தாலிப் பேருதானே மாமா? அதுக்கு என்ன அர்த்தம்னு அவர் கேட்டார். தேடிப் பார்த்தேன். ஒரு இடத்துல ‘அன்பிற்குரியவள்’னு இருக்கு. இன்னொரு இடத்துல ‘வலிமையை நேசிப்பவள்’. வேற ஒண்ணுல ‘ஒளியின் மகள்’. கடைசியா ஒரு இடத்துல, அப்படி ஒரு புனிதையே கிடையாதுன்னு எழுதியிருக்கு. எது மாமா சரி?”

ஓய்வுபெற்ற தமிழாசிரியன் என்பதால் சொற்பொருள் கேட்டு என்னிடம் வருவோர் உண்டு. ஆனால் இந்தக் கேள்வி எனக்குப் புதிதன்று. 2003-ஆம் ஆண்டு ஆகஸ்டு 10-ஆம் நாள் மாலை, இவளுடைய பாட்டியாகிய என் அத்தை அதே கூடத்தில் அமர்ந்து இதற்கு மிக நெருங்கிய ஒன்றைக் கேட்டார். அன்று நான் அளித்த விடையை நினைத்தால் இன்றும் மனம் கூசுகிறது.

அத்தை 1934-இல் பிறந்தவர். அவருக்கு முன் பிறந்த இரு குழந்தைகள் ஆண்டு நிறைவைக் காணாமலே இறந்துபோயின. என் பாட்டனார் ரயில்வேயில் வேலை பார்த்தவர். வேலை நிமித்தம் மைசூர் சென்று திரும்பியவர், நங்கூரமும் குருத்தோலையும் ஏந்திய ஓர் இளம்பெண்ணின் படத்தைக் கொண்டுவந்தார். மைசூரில் புனித பிலோமினாளின் பேராலயம் எழும்பிக்கொண்டிருந்த காலம் அது. 1933-இல் மன்னர் நான்காம் கிருஷ்ணராஜ உடையார் அதற்கு அடிக்கல் நாட்டியிருந்தார். அடுத்த குழந்தை பிழைத்தால் அந்த வேதசாட்சியின் பெயரையே இடுவதாகப் பாட்டி நேர்ந்துகொண்டாராம். குழந்தை பிழைத்தது. எழுபத்தேழு ஆண்டுகள் வாழ்ந்தது.

அக்காலத்தில் பெயர் வைப்பதில் பெற்றோர்க்கு இன்றுள்ள உரிமை இருந்ததில்லை என்பதையும் இங்கே சொல்ல வேண்டும். 1917-ஆம் ஆண்டின் திருச்சபைச் சட்டத்தொகுப்பு, குழந்தைக்குக் கிறிஸ்தவப் பெயர் இடப்படுவதைப் பங்குக்குரு கவனித்துக்கொள்ள வேண்டும் என்றது. பெற்றோர் இணங்காவிடில் அவர்கள் சொன்ன பெயரோடு ஒரு புனிதரின் பெயரையும் சேர்த்துப் பதிவேட்டில் எழுத வேண்டும் என்றும் கூறியது. 1983-ஆம் ஆண்டின் தொகுப்போ, கிறிஸ்தவ உணர்வுக்கு ஒவ்வாத பெயராக இராதிருந்தால் போதும் என்று நிறுத்திக்கொண்டது. ஆகவே கியாரா என்றாலும் தடையில்லை, கயல்விழி என்றாலும் தடையில்லை. அத்தையின் தலைமுறைக்கு அப்படியன்று. அவர்களுக்குப் பெயர் என்பது ஒரு புனிதரோடு செய்துகொண்ட உறவு. அந்தப் புனிதரின் திருநாளே அவர்களுடைய திருநாள்; பிறந்த நாள் மறந்துபோகலாம், அது மறக்காது.

அத்தையின் பெயர் பட்ட பாடு தனிக்கதை. ஞானஸ்நானப் பதிவேட்டில் ‘பிலோமினாள்’. ரேஷன் அட்டையில் ‘பிலோமினா’. மாமா காலமானபின் வந்த குடும்ப ஓய்வூதியப் புத்தகத்தில் ‘பிளோமீனா’. தெருவில் எல்லார்க்கும் ‘மீனா அம்மா’. மீனாட்சி என்பதன் சுருக்கம் என்று எண்ணிய பக்கத்து வீட்டு அம்மையார், ஆடி மாதத்தில் மஞ்சளும் குங்குமமும் கொடுத்தனுப்புவார். அத்தை அதைத் திருத்தியதே இல்லை. மஞ்சளைச் சமையலுக்கு எடுத்துக்கொண்டு, கிறிஸ்துமஸுக்குத் தட்டு நிறையக் கலகலா அனுப்புவார். ஒருமுறை ஓர் அலுவலகத்தில், இந்தப் பெயர்களுக்கு உரியவர் ஒருவரே என்று நோட்டரி முன்னிலையில் உறுதிமொழிப் பத்திரம் எழுதித் தரச் சொன்னார்கள். எழுதிக் கொடுத்தவன் நான்தான்.

அந்த ஆகஸ்டு 10 அன்று அத்தை வந்தது, மறுநாள் பூசைக்குக் கருத்து எழுதித் தரச் சொல்லி. “நாளைக்கு எங்க அர்ச்சியசிஷ்டவளோட திருநாள் தம்பி” என்றார். நான் அப்போதுதான் ரோமைச் சுரங்கக் கல்லறைகளைப் பற்றி ஏதோ படித்து முடித்திருந்தேன். புதிதாகப் படித்தவனுக்கு வாய் சும்மா இராது. “அத்தை, அப்படி ஒரு புனிதை இருந்ததற்குச் சான்றே இல்லை. 1961-லேயே ரோமாபுரி அந்தத் திருநாளை எடுத்துவிட்டது. நாளைக்குப் புனித கிளாராவின் திருநாள்” என்றேன். அத்தை கோபப்படவில்லை. கையிலிருந்த காகிதத்தை மடித்து மடித்துச் சிறிதாக்கிக்கொண்டே இருந்தார். பிறகு கேட்டார்: “அப்போ எம் பேரு யாரோடது தம்பி?”

நான் ஏதோ சமாதானம் சொன்னேன். மறுநாள் அத்தை பூசைக்குப் போகவில்லை என்று பின்னர் அறிந்தேன். அடுத்த ஆண்டுகளில் போனார். ஆனால் கருத்து எழுதித் தரச் சொல்லி என்னிடம் வந்ததில்லை. 2011-இல் காலமானார்.

*

நடந்தது என்னவென்று முதலில் சொல்லிவிடுவது நல்லது. நம் மக்களிடையே இதைப் பற்றி அரைகுறைச் செய்திகளே உலவுகின்றன.

1802-ஆம் ஆண்டு மே மாதம் 24-ஆம் நாள், ரோமை நகரின் சலாரியா சாலையில் உள்ள பிரிசில்லா சுரங்கக் கல்லறையில் தோண்டிக்கொண்டிருந்தவர்கள், சுவரில் குடைந்த ஒரு சிறு கல்லறையைக் கண்டனர். அதன் வாயை மூன்று சுட்ட மண்பலகைகள் அடைத்திருந்தன. அவற்றின்மேல் சிவப்பு வண்ணத்தில் எழுத்துகள். முதற்பலகையில் ‘லூமேனா’, இரண்டாவதில் ‘பாக்ஸ் தே’, மூன்றாவதில் ‘கும் ஃபி’. இந்த வரிசையில் படித்தால் பொருள் இல்லை. முதற்பலகையை எடுத்துக் கடைசியில் வைத்தால், ‘பாக்ஸ் தேகும் ஃபிலூமேனா’ என்றாகும். ‘உனக்குச் சமாதானம், பிலூமேனா’ என்று பொருள். எழுத்துகளுக்கிடையே நங்கூரம், அம்புகள், குருத்தோலை ஆகியவற்றின் உருவங்கள். மறுநாள் கல்லறையைத் திறந்தபோது, பன்னிரண்டு பதின்மூன்று வயதுடைய ஒரு பெண்ணின் எலும்புகளும், அடியில் காய்ந்த படிவுடன் ஒரு சிறு கண்ணாடிக் குப்பியும் இருந்தன. குருத்தோலையும் குப்பியும் இருந்தால் அது வேதசாட்சியின் கல்லறை என்று கொள்வது அந்நாளைய வழக்கம்.

நம் கைக்கு வந்த உறுதியான செய்தி இவ்வளவே. மூன்று பலகை, மூன்று சொல், ஒரு சிறுமியின் எலும்புகள்.

1805-இல் பிரான்செஸ்கோ டி லூசியா என்ற குரு அந்த எலும்புகளைக் கேட்டுப் பெற்று, நேப்பிள்ஸுக்கு அருகே உள்ள தம் ஊராகிய முஞ்ஞானோவிற்குக் கொண்டுசென்றார். ஆகஸ்டு 10 அன்று அவை அவ்வூர் சேர்ந்தன. புதுமைகள் நிகழ்ந்ததாகச் செய்தி பரவியது. 1833-இல் நேப்பிள்ஸைச் சேர்ந்த மரிய லூயிசா என்ற துறவிச் சகோதரி, அந்தப் பெண்ணே தமக்குத் தன் வரலாற்றைச் சொன்னதாக அறிவித்தார். கிரேக்க அரசன் மகள், தியோக்கிளேசியன் மன்னன் மணக்க விரும்பினான், மறுத்தாள், சாட்டையால் அடித்தனர், நங்கூரம் கட்டி ஆற்றில் எறிந்தனர், அம்பெய்தனர், இறுதியில் தலையை வெட்டினர். பெயருக்கும் அங்கேதான் புதுப்பொருள் கிடைத்தது: இலத்தீனில் ‘ஃபிலியா லூமினிஸ்’, அதாவது ஒளியின் மகள்.

பக்தி பிரான்சுக்குப் போயிற்று. மறைபரப்பு வேலைக்கு உதவும் சங்கத்தை லியோன் நகரில் 1822-இல் தோற்றுவித்த பவுலின் ஜாரிக்கோ அம்மையார், 1835-இல் சாகும் நிலையில் முஞ்ஞானோ சென்று நலம் பெற்றுத் திரும்பினார். அவர் கொடுத்த திருப்பண்டத்தைப் பெற்ற ஆர்ஸ் நகர்ப் பங்குக்குரு புனித ஜான் மரிய வியான்னி, தம் மன்றாட்டால் நடந்தவை என்று மக்கள் சொன்ன புதுமைகளையெல்லாம் பிலோமினாளின் கணக்கில் எழுதினார். 1837-இல் திருத்தந்தை பதினாறாம் கிரகோரி சில இடங்களில் அவள் திருநாளைக் கொண்டாட இசைவு தந்தார். மைசூரிலும் தமிழகத்தின் பல பகுதிகளிலும் உழைத்த பாரிஸ் வேதபோதக சபைக் குருக்களின் வழியாகத்தான் அந்தப் பெயர் நம்மிடம் வந்திருக்க வேண்டும் என்பது என் ஊகம். மைசூருக்குத் திருப்பண்டம் வந்த ஆண்டு மட்டும் ஐயமின்றித் தெரியும், அது 1926.

1904-இல் ஒராசியோ மருக்கி என்ற தொல்லியல் அறிஞர் வேறொன்றைச் சொன்னார். சுரங்கக் கல்லறைகளில் பழைய கல்லறைகளின் பலகைகளைப் பெயர்த்தெடுத்துப் புதிய கல்லறைகளை அடைப்பது உண்டு. பிலூமேனா என்பவளின் பலகைகள் முந்திய காலத்தவை. உள்ளே இருந்த சிறுமி பிந்திய காலத்தவள். பலகைகளை வேண்டுமென்றே வரிசை மாற்றி வைத்திருக்கின்றனர். ‘இது இவள் பெயரன்று’ என்று காட்டுவதே அதன் நோக்கம். இதை மறுப்போர் இன்றும் உண்டு. ஆனால் 1961 பிப்ரவரி 14 அன்று, ரோமையின் திருவழிபாட்டுப் பேராயம் பிலோமினாளின் திருநாளை எல்லா நாட்காட்டிகளிலிருந்தும் நீக்கியது. கவனிக்க: பிலோமினா என்று ஒருத்தி இருந்ததேயில்லை என்று அது தீர்ப்பெழுதவில்லை, தனிப்பட்ட பக்தியையும் தடை செய்யவில்லை. அத்தையிடம் நான் இதைச் சரியாகச் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை.

*

பெயரின் பொருளுக்கு வருவோம். சொல்லளவில் ஐயத்திற்கு இடம் குறைவு. ‘பிலூமேனே’ என்பது கிரேக்கச் சொல். அன்பு செய்யப்படுகிறவள் என்று பொருள். அன்பு செய்கிறவள் அல்லள், செய்யப்படுகிறவள். கல்லறைப் பலகையில் உள்ள வடிவத்திற்கு இதுவே பொருந்தும். எழுத்து சற்று மாறி ‘பிலோமேனா’ என்றாகும்போதுதான் ‘மெனோஸ்’ என்ற சொல்லைச் சேர்த்து வலிமையை நேசிப்பவள் என்று பிரிக்கின்றனர். ‘ஒளியின் மகள்’ என்பதற்கு மொழியியலில் ஆதாரமில்லை. கிரேக்கப் பெயரை இலத்தீன் காதால் கேட்டதன் விளைவு அது. நம் ஊரில் பிலோமினாவை மீனாட்சியின் தங்கையாக்கியதும் இதே வேலைதான்.

இத்தாலியில், குறிப்பாகத் தெற்கே, இது வீட்டுக்கு வீடு வழங்கிய பெயர். நேப்பிள்ஸ் நாடக ஆசிரியர் எதுவார்தோ டி பிலிப்போ 1946-இல் எழுதிய புகழ்பெற்ற நாடகத்தின் நாயகி பிலூமேனா மர்த்துரானோ. மூன்று மகன்களில் தன் மகன் யார் என்று கேட்கும் ஆடவனிடம் சொல்ல மறுத்து, மூவருக்கும் அவன் பெயரை வாங்கித் தரும் ஏழைத் தாய். அந்த நாடகத்தைப் பற்றி அறிந்தபோது, அதுவும் ‘யாருடைய பெயர்’ என்ற வழக்குதான் என்று தோன்றியது.

நம் முன்னோர் வெளிநாட்டுப் பெயர்களை இரு வகையாக ஏற்றனர். ஓசையைக் கொண்டுவந்து தமிழ் நாவுக்கு இணக்கியது ஒரு வகை. சவேரியார் சவரிமுத்தானது அப்படி. பொருளைக் கொண்டுவந்து தமிழ்ச்சொல் தந்தது மற்றொரு வகை. பவுல் என்றால் சிறியவர், ஆகவே சின்னப்பர். யோவான் என்றால் ஆண்டவரின் அருள், ஆகவே அருளப்பர். நீலகண்ட பிள்ளை 1745-இல் வடக்கன்குளத்தில் திருமுழுக்குப் பெற்றபோது, ‘இறைவன் துணை’ என்று பொருள்படும் லாசரு என்ற பெயரின் தமிழாக்கமாகத் தேவசகாயம் ஆனார். 2022-இல் அந்தப் பெயருடனே புனிதராக உயர்த்தப்பட்டார். இத்தாலியரான கொன்ஸ்தான்சோ பெஸ்கியின் பெயருக்கு நிலைகுலையாதவர் என்று பொருள். தமிழில் அவர் முதலில் தைரியநாதர், பிறகு வீரமாமுனிவர். அவரே தம் தேம்பாவணியில் சூசையப்பரை வளன் என்றார். யோசேப்பு என்ற எபிரேயச் சொல் பெருகுதலைக் குறிப்பதால். பிலோமினாவுக்கு மட்டும் ஏன் ஒருவரும் தமிழ்ப்பெயர் தரவில்லை? ‘அன்பரசி’ என்று சொல்லியிருக்கலாமே! எந்தப் பொருளைப் பெயர்ப்பது என்பதில் உறுதி இல்லாததும் காரணமாகலாம். ஓசையாகவே தங்கிவிட்டது.

பெயர்களை இடுகுறிப் பெயர், காரணப் பெயர் என்று பிரிக்கிறது நன்னூல். முப்பது ஆண்டுகள் இதை வகுப்பில் நடத்தியிருக்கிறேன். மரம் இடுகுறி, நாற்காலி காரணம். மாணவன் எவனாவது, “ஐயா, என் பேரு என்ன வகை?” என்று கேட்டால் சிரித்து மழுப்பிவிடுவேன். உண்மையில் அது கடினமான கேள்வி. கருப்பன் என்ற பெயருடையவன் சிவப்பாக இருக்கிறான். செல்வம் என்பவன் கடனில் இருக்கிறான். காரணம் பெயருடையவனிடம் இல்லை. ஆனால் காரணமே இல்லை என்றும் சொல்லிவிட முடியாது. பெயரிட்டவரிடம் ஒரு காரணம் இருந்தது. அவர் போனபின் பெயர் மட்டும் நடமாடுகிறது.

தாம்பரத்திலிருந்து மின்தொடரில் கடற்கரை நோக்கிப் போகிறவர்கள் இதை நாள்தோறும் பார்க்கலாம். முதல் நிறுத்தம் சானடோரியம். காசநோயாளர் மருத்துவமனையால் வந்த பெயர். அடுத்தது குரோம்பேட்டை, குரோமிய உப்பால் தோல் பதனிட்ட குரோம் லெதர் தொழிற்சாலையால் வந்த பெயர். ‘குரோம்பேட்டை ஒரு டிக்கெட்’ என்று கேட்பவர்க்குத் தோல் நாற்றம் நினைவுக்கு வருகிறதா? அங்கே பிறந்து வளர்ந்தவனுக்கு அந்தச் சொல், வீடு என்று பொருள்படும். அகராதியில் அப்பொருள் இல்லை. அதனால் அது பொய்யாகிவிடாது.

*

அதே தொடரில் இன்னும் சில நிறுத்தங்கள் போனால் பரங்கிமலை. பறங்கியரின் மலை. அத்தை இறந்த அடுத்த ஆண்டு தவக்காலத்தில் நான் தனியே படியேறினேன். 1523-இல் போர்த்துக்கீசியர் எழுப்பிய மாதா ஆலயத்தின் பீடத்தில் பதிந்திருக்கும் கற்சிலுவையை நம்மில் பெரும்பாலோர் முத்தமிட்டிருப்போம். அதன் மேல்வளைவைச் சுற்றிப் பொறித்திருக்கும் எழுத்துகளை நின்று பார்த்தவர் குறைவு.

1547-இல் மண்ணுக்கடியிலிருந்து அது கிடைத்தபோது அந்த எழுத்தைப் படிக்க யாருக்கும் தெரியவில்லை. சில ஆண்டுகள் கழித்துக் கற்றறிந்த ஒரு பிராமணரை அழைத்துவந்தார்கள். அவர் ஒவ்வோர் எழுத்தும் பல சொற்களைக் குறிக்கும் என்று சொல்லி, புனித தோமாவின் வரலாற்றையும் போதனையையும் நீளமாக வாசித்துக் காட்டினார். கேட்டவர்கள் மகிழ்ந்தனர், எழுதிவைத்தனர். உண்மையில் அது பாரசீகத்தின் பழைய பகலவி எழுத்து. 1873-இல் பர்னல் என்ற ஆங்கிலேய அதிகாரி அதைப் படிக்க முயன்று, கிறிஸ்துவைப் பற்றிய சமயக்கோட்பாடு ஒன்று அதில் இருப்பதாகக் கருதினார். 1929-இல் வின்க்வொர்த் என்ற அறிஞர் வெளியிட்ட வாசிப்பு மிக எளிமையானது. சஹார்புக்த் என்பவரின் மகனும் சிரியா நாட்டவனுமான அப்ராஸ் என்பவன்மேல் ஆண்டவர் இரக்கம் வைக்க வேண்டும் என்ற மன்றாட்டு. அவ்வளவுதான். அதற்குப் பின்னும் அறிஞர்கள் சொல் சொல்லாக வாதிட்டு வருகின்றனர்.

திருத்தூதரின் முழு வரலாறு என்று நம்பியது, யாரோ ஓர் அப்ராஸ் தனக்காக வைத்த விண்ணப்பமாகிவிட்டது. நாம் எதையேனும் இழந்தோமா? அங்கே நின்றபோது எனக்கு அப்படித் தோன்றவில்லை. பிராமணர் வாசித்த நீண்ட கதையில் தோமையார் இருந்தார். ஆனால் மனிதன் ஒருவன் இல்லை. வின்க்வொர்த்தின் ஒற்றை வரியில் கடல் கடந்து வந்து, தந்தையின் பெயரோடு தன் பெயரையும் சேர்த்து, இரக்கம் கேட்டு நின்ற ஒருவன் இருக்கிறான். அவன் கேட்டதை, பொருள் அறியாமலே, நாம் நூற்றாண்டுகளாக முத்தமிட்டு வந்திருக்கிறோம்.

உடனே முஞ்ஞானோ நினைவு வந்தது. அங்கேயும் மூன்று சொல். அதன்மேல் ஓர் இளவரசியின் நெடுங்கதை. மரிய லூயிசா அம்மையாரின் கதையை என்னால் ஏற்க முடியவில்லை. பலகையில் நங்கூரம் இருந்தால் கதையில் நங்கூரம் கட்டி எறிகிறார்கள்; அம்பு இருந்தால் அம்பெய்கிறார்கள். ஒவ்வொரு குறிக்கும் ஒரு துன்பம் என்று கணக்குச் சரியாக வந்துவிடுகிறது. நங்கூரம் சுரங்கக் கல்லறைகளில் எங்கும் காணப்படும் நம்பிக்கையின் அடையாளம். குருத்தோலை வேதசாட்சிகளுக்கு மட்டும் உரியதன்று. குப்பியில் இருந்தது இரத்தமன்று, நறுமணத் தைலமாக இருக்கலாம் என்கின்றனர் ஆய்வாளர். ‘பக்திக்கு உதவுகிறது, இருந்துவிட்டுப் போகட்டுமே’ என்று சிலர் சொல்வர். எனக்கு அது உடன்பாடில்லை. ஆறுதல் தருகிறது என்பதற்காக ஒன்றை உண்மை என்று சொல்லத் தொடங்கினால், உண்மையாகவே ஆறுதல் தேவைப்படும் நாளில் நம் சொல்லை யார் நம்புவார்? 1961-இல் ரோமை செய்தது நேர்மையான செயல் என்றே இன்றும் கருதுகிறேன்.

என் தவறு வேறிடத்தில் இருந்தது. அந்த மலையிலிருந்து இறங்கும்போதுதான் எனக்கு அது ஓரளவு புரிந்தது.

மருக்கி சொன்னது சரியென்றே கொள்வோம். அப்படியானால் அங்கே ஒருத்தியல்ல, இருவர் இருக்கின்றனர். பிலூமேனா என்பவள் ஒருத்தி. அவள் உடல் எங்கே என்று தெரியாது, பெயர் மட்டும் எஞ்சியது. மற்றொருத்தி பன்னிரண்டு வயதுச் சிறுமி. அவள் பெயர் தெரியாது, உடல் மட்டும் எஞ்சியது. அவளைப் புதைத்த குழிவெட்டிகள் எழுதப் படிக்கத் தெரிந்தவர்களோ இல்லையோ, பிறர் பெயரை இவளுக்குச் சூட்டக் கூடாது என்று பலகையைக் கலைத்து வைத்தார்கள். ஏழைத் தொழிலாளியின் நேர்மை அது. ஆயிரத்தைந்நூறு ஆண்டுகள் கழித்து வந்த படித்தவர்கள், ‘ஐயோ, வரிசை தவறியிருக்கிறது’ என்று திருத்தி வாசித்தார்கள். பிழை கலைத்ததில் இல்லை, திருத்தியதில் இருந்தது. அத்தையிடம் நான் செய்ததும் திருத்தம்தான்.

“எம் பேரு யாரோடது?” என்று அத்தை கேட்டார். நான் சான்றுகளைப் பற்றிப் பேசினேன். அவர் கேட்டது சான்றைப் பற்றியன்று. எழுபது ஆண்டுகள் ஒருத்தியோடு பேசி வந்த பெண், அந்தப் பக்கத்தில் யாரேனும் கேட்டுக்கொண்டிருந்தார்களா என்று கேட்டார். அதற்கு நேர்மையான விடை இருந்தது. பிலூமேனா என்று ஒருத்தி இருந்தாள், அத்தை. அவள் வேதசாட்சியா, இளவரசியா என்று தெரியாது. ஆனால் அவள் இறந்தபோது அவளை நேசித்த ஒருவர், சிவப்பு வண்ணம் எடுத்து அவள் பெயரைச் சொல்லி, உனக்குச் சமாதானம் என்று எழுதினார். அன்பு செய்யப்பட்டவள் என்ற அந்தப் பெயர் அவளளவில் பொய்யன்று. இன்னொருத்தியும் இருந்தாள். பெயரில்லாதவள். உங்கள் பெயரைச் சொல்லி உலகம் அவளிடம் வேண்டிக்கொண்டது. ஆர்ஸ் நகர்க் குருவானவரும் வேண்டிக்கொண்டார். விலாசம் தவறி எழுதிய கடிதத்தைத் தபால்காரர் ஆளறிந்து சேர்ப்பதில்லையா? சகல பரிசுத்தர் திருநாளில் பெயர் அறியாத புனிதர்களையெல்லாம் சேர்த்துத்தானே நாம் வணங்குகிறோம்? இவ்வளவையும் பொய்யில்லாமல் சொல்லியிருக்கலாம். அதற்குக் கொஞ்சம் பொறுமை வேண்டியிருந்தது. ஒரு தம்ளர் காப்பி குடிக்கும் நேரம் போதும்.

இன்னொன்றும் உண்டு. எங்கள் வீட்டில் அந்தப் பெயருக்கு நான்காவது ஒரு பொருளும் இருந்தது. இரண்டு சிறு சவப்பெட்டிகளுக்குப் பிறகு என் பாட்டி அந்தப் பெயரை உச்சரித்தபோது அதற்குக் கிரேக்கமும் தெரியாது, இலத்தீனும் தெரியாது. ‘பிழைத்தவள்’ என்பதே அதன் பொருள். பாட்டி அழைத்த ஒவ்வொரு தடவையும் அந்தப் பொருளில்தான் அழைத்திருப்பார். காரணப் பெயர் என்று நன்னூல் சொல்வதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டை நான் வகுப்பில் தந்ததில்லை.

*

இவற்றையெல்லாம் அந்தப் பெண்ணிடம் அன்று மாலையே சொன்னேன். பாட்டியிடம் நான் பேசிய விதத்தையும் மறைக்கவில்லை. அவள் சிறிது நேரம் பேசாமல் குழந்தையைத் தட்டிக்கொண்டிருந்தாள்.

“கியாரான்னு வெச்சா இந்தத் தொல்லை எதுவும் இல்லையே மாமா” என்றாள்.

இல்லைதான். கிளாரா 1253 ஆகஸ்டு 11 அன்று இறந்தார். வரலாற்றில் ஐயமே இல்லை. பொருளிலும் குழப்பமில்லை. அவர் பிறக்குமுன்னே, உலகிற்கு ஒளி தரும் குழந்தை பிறக்கும் என்று அவர் தாய் செபத்தில் கேட்டதாகச் சொல்வர். ஒரு வேடிக்கை: பழைய நாட்காட்டியில் ஆகஸ்டு 12-இல் இருந்த கிளாராவின் திருநாள், 1969-ஆம் ஆண்டுத் திருத்தத்தில் 11-க்கு வந்தது. முன்பு பிலோமினாளைக் கொண்டாடிய அதே நாள். எந்தப் பெயரை வைத்தாலும் அதே பூசைக்குத்தான் போக வேண்டும் என்று சொன்னேன். அவள் சிரித்தாள்.

“பள்ளிக்கூடத்துல யாராவது, உன் புனிதை பொய்னு சொன்னா, இவ என்ன சொல்லுவா?”

“உங்க பாட்டி என்னிடம் கேட்டதையே இவள் உன்னிடம் வந்து கேட்பாள். நீ உட்கார வைத்து முழுவதும் சொல்” என்றேன்.

திருமுழுக்கு அன்று பங்குத்தந்தை பதிவேட்டைத் திறந்து, பெயரை எழுத்துக்கூட்டிச் சொல்லச் சொன்னார். ‘ளா’ வேண்டுமா, ‘னா’வோடு நிறுத்தவா, ‘மி’யா ‘மீ’யா என்று ஒரு விவாதம் நடந்தது. பதிவேட்டில் எழுதியபடியே பிறப்புச் சான்றிதழிலும் இருக்கட்டும் என்று நான் பிடிவாதமாக நின்றேன். நோட்டரியிடம் மறுபடியும் போக எனக்கு வயதில்லை. குழந்தை நீருக்கு அழவில்லை. பக்கத்து வீட்டு அம்மையார், இப்போது மிகவும் தளர்ந்துவிட்டார், பேத்தியின் தோளைப் பிடித்துக்கொண்டு வந்திருந்தார். குழந்தையின் பெயரைக் கேட்டுவிட்டு, “மீனா அம்மா பேருதானே, நல்லா இருக்கட்டும்” என்று சொல்லி ஒரு பொட்டலம் மஞ்சளை அதன் தாயிடம் கொடுத்தார்.